கேளாமற் செய்யும் திருத்தம்

கணினி விளையாட்டு ஒன்றினைப் புதிதாக நிறுவித் திறந்து பார்ப்பவர் இரண்டிலொன்று சொல்வது வழக்கம். காட்சி எழிலாக இருக்கின்றது, ஆயின் தத்தித் தத்தி நகர்கின்றது என்பர் சிலர்; காட்சி தடையின்றி ஓடுகின்றது, ஆயின் மரமும் மலையும் மங்கித் தோன்றுகின்றன என்பர் வேறு சிலர். எழிலும் விரைவும் ஒரே பையிலிருந்து எடுத்துச் செலவு செய்யப்படும் பணம் போன்றவை; ஒன்றிற்குக் கூட்டினால் மற்றொன்றிற்குக் குறையும். இவ்விரண்டுக்கும் இடையே தக்க நடுவிடத்தைத் தானே தேடிக் கொடுப்பதாகச் சொல்லிக்கொண்டு வந்ததே தன்னியக்க உகப்பாக்கம் என்னும் வசதி. உகப்பாக்கம் என்பது, உள்ள வளத்தைக் கொண்டு உச்சப் பயன் கிடைக்குமாறு ஒழுங்குசெய்தல். நல்ல நோக்கந்தான். அவ்வாறிருந்தும், கணினி விளையாட்டிற் பழகியவர்கள் பலர் அவ்வசதியை நிறுத்திவிட்டே ஆடத் தொடங்குகின்றனர். அதற்குக் காரணம் உண்டு. அதே வேளையில், நிறுத்தத்தக்கது எது, நிறுத்தத்தகாதது எது என்று தெரியாமல் எல்லாவற்றையும் அணைத்துவிட்டு இடர்ப்படுவோரும் உளர்.

வரைகலை அட்டை என்பது, திரைக்காட்சியை வரைவதற்கென்றே கணினியினுள் பொருத்தப்பட்ட பகுதி. திரையில் ஓடுவதாகத் தோன்றும் காட்சி உண்மையில் ஓடுவதன்று. சினிமாச் சுருளிற்போல, அசையாப் படங்கள் ஒன்றன்பின் ஒன்றாக விரைந்து மாறுகின்றன. ஒவ்வொரு படமும் ஒரு சட்டகம் எனப்படும். சினிமாவில் அப்படங்கள் முன்னரே எடுத்து முடிக்கப்பட்டவை. விளையாட்டிலோ, ஆடுபவர் எப்பக்கம் திரும்புவார் என்பது எவருக்குந் தெரியாதாகையால், ஒவ்வொரு சட்டகமும் அந்தந்தக் கணத்திலேயே புதிதாக வரையப்பட வேண்டும். செக்கனுக்கு 60 சட்டகங்கள் வேண்டுமாயின், ஒரு சட்டகத்தை வரைந்து முடிப்பதற்குக் கிடைக்கும் காலம் ஏறத்தாழ 16.7 மில்லிசெக்கன். செக்கனுக்கு 144 முறை புதுப்பிக்கும் திரையாயின் அக்காலம் 6.9 மில்லிசெக்கனாகச் சுருங்கிவிடும். வரையவேண்டிய புள்ளிகளின் தொகையோ திரைக்குத் திரை வேறுபடும். அகலத்தில் 1920, உயரத்தில் 1080 என்னும் அளவுள்ள திரையில் 2,073,600 புள்ளிகள். 3840, 2160 என்னும் அளவுள்ள திரையில் அதனைப்போல நான்கு மடங்கு, அதாவது 8,294,400 புள்ளிகள்.

இக்குறுகிய நேரத்துள் நிழல் எவ்வளவு கூர்மையாக விழவேண்டும், நீர்ப்பரப்பில் வானம் தெரியவேண்டுமா, எத்தனை தொலைவுவரை புல் முளைத்திருக்க வேண்டும், பொருள்களின் ஓரங்களிலே படிப்படியாகத் தெரியும் முரட்டுத்தன்மையை எவ்வளவு மழுக்கவேண்டும் என்பனவற்றையெல்லாம் ஆடுபவரே தெரிவுசெய்துகொள்ள இடமுண்டு. பெரிய விளையாட்டுக்களில் இத்தகைய தெரிவுகள் இருபது முப்பது என்று நீளும். ஒவ்வொன்றும் என்ன செய்யும், எவ்வளவு காலத்தை விழுங்கும் என்பது புதியவருக்குப் புரியாத சங்கதி.

இந்தச் சங்கடத்தைத் தீர்ப்பதற்கென, வரைகலைச் சில்லுகளை வடிவமைக்கும் அமெரிக்க நிறுவனமான என்விடியா, 2013 ஆம் ஆண்டில் ஜிஃபோர்ஸ் எக்ஸ்பீரியன்ஸ் என்னும் மென்பொருளைப் பொதுப் பாவனைக்கு விட்டது. 2024 நவம்பரில் அதனுடைய இடத்தை என்விடியா ஆப் என்னும் புதிய மென்பொருள் பெற்றது. இரண்டும் இவ்விடயத்தில் வேலைசெய்யும் முறை ஒன்றே. கணினியில் எந்தெந்த விளையாட்டுக்கள் நிறுவப்பட்டிருக்கின்றன என்று அது தேடும். வரைகலை அட்டை எது, மையச் செயலி எது, திரையின் அளவு யாது என்று குறித்துக்கொள்ளும். அத்தகைய கணினியில் அவ்விளையாட்டுக்கு எவ்வமைப்புகள் பொருந்தும் என்று நிறுவனத்தார் முன்னரே சோதித்துத் தொகுத்து வைத்த முடிவுகளை இணையத்தின் வழியாகப் பெறும். பெற்றவற்றை விளையாட்டின் அமைப்புக் கோப்பிலே எழுதிவிடும். அடுத்தமுறை திறக்கும்போது விளையாட்டு அக்கோப்பினைப் படித்து அதன்படி நடக்கும். எழுதியது எவர் கை என்று அது கேட்பதில்லை.

போட்டி நிறுவனமான ஏ.எம்.டி. அதே காலத்தில் ரப்டர் என்னும் நிறுவனத்தோடு கூடி வேறொரு வழியைக் கையாண்டது. அங்கே அமைப்புகள், ஆடுவோர் பலர் தத்தம் கணினிகளில் வைத்திருந்தவற்றிலிருந்து திரட்டப்பட்டன. சோதனைக்கூடத்தின் தீர்ப்புக்குப் பதிலாக ஊரார் வழக்கம் என்று கொள்ளலாம். ரப்டர் சேவை 2017 இல் மூடப்பட்டது. இன்டெல் நிறுவனமும் தன்னுடைய வரைகலைக் கட்டுப்பாட்டு மென்பொருளில், ஒரே சொடுக்கில் அமைப்புகளை மாற்றும் பொத்தானொன்றை வைத்தது.

இவ்வசதியால் நன்மையே இல்லை என்று கூறுதல் நீதியாகாது. அமைப்புகளின் பெயர்களைக் கூட அறியாத ஒருவர், விளையாட்டை நிறுவிய மாலையிலேயே ஓரளவு நல்ல காட்சியுடன் ஆடத் தொடங்குவதற்கு இது உதவும். தானாகத் தேடிக் கண்டிருந்தால் அவர் இதனைவிட மோசமான அமைப்புகளையே அடைந்திருக்கவுங் கூடும். அவர் இதனை நிறுத்தவேண்டியதில்லை.

ஆயினும் இத்திட்டம் அறிந்தது பொறியை, ஆடுபவரை அன்று. அட்டை இது, திரை இது என்று அதற்குத் தெரியும். திரைக்கு முன்னே இருப்பவர் யார் என்று தெரியாது. விரைந்து திரும்பும்போது காட்சியை மங்கச்செய்யும் அசைவு மங்கல் என்னும் அலங்காரம் சிலருக்குத் தலைச்சுற்றலையும் குமட்டலையும் உண்டாக்கும். அவர்கள் முதல் வேலையாக அதனை நிறுத்திவைப்பர். பார்வை குறைந்த ஒருவர், எழுத்துப் பெரிதாகத் தெரியவேண்டுமென்று திரையின் அளவைக் குறைத்து வைத்திருப்பார். போட்டிக்காக ஆடுபவர், புல்லும் புகையும் எதிரியை மறைக்கின்றன என்று அழகையெல்லாம் களைந்துவிட்டு விரைவை மாத்திரமே வைத்துக்கொள்வார். வெப்ப நாடொன்றிலே, குளிரூட்டப்படாத அறையில் மடிகணினியில் ஆடுபவர், கருவி கொதிக்காமல் இருக்கவேண்டுமென்று அட்டையின் வலிமைக்கும் குறைவான அமைப்புகளை வேண்டுமென்றே தெரிவுசெய்வார். சோதனைக்கூடத்தின் கணக்கில் இவர்கள் நால்வரும் பிழையான அமைப்புகளை வைத்திருப்பவர்களே. ஆதலால் அத்திட்டம் அவர்களைத் திருத்த முனையும்.

மேலும் சில விளையாட்டுக்களில், விளையாட்டின் பட்டியலில் தோன்றாத அமைப்புகளையும் கோப்பிலே கையால் எழுதிச் சேர்ப்பது வழக்கம். இதற்குத் தக்க உதாரணம், அமெரிக்காவின் மேரிலாந்து மாநிலத்திலுள்ள பெதெஸ்டா நிறுவனத்தார் 2011 நவம்பர் 11 ஆம் நாள் வெளியிட்ட ஸ்கைரிம் என்னும் விளையாட்டு. பனிமலைகளும் பழங்கோட்டைகளும் நிறைந்த கற்பனை நாடொன்றில் ஆடுபவர் தம் விருப்பப்படி அலைந்து திரியும் ஆட்டம் அது. வெளிவந்து பல்லாண்டுகள் ஆனபின்னும் அதனைக் கைவிடாது பற்றிக்கொண்டிருப்பவர்கள் பலர். அதற்குக் காரணம், ஆர்வலர்கள் தாமாக ஆக்கிச் சேர்த்த துணைப்பொதிகள். புதிய மரங்கள், புதிய ஒளி, புதிய ஊர்கள் என்று அடுக்கடுக்காகச் சேர்த்து, ஒருவருடைய ஸ்கைரிம் இன்னொருவருடையதைப்போல இராதவாறு செய்துவிட்டனர்.

இவ்விளையாட்டின் அமைப்புகள் ஆவணக் கோப்புறையினுள்ளே இரண்டு சிறு கோப்புகளில் வெறும் எழுத்தாகவே உள்ளன. நிழல் எத்தனை தொலைவுவரை விழவேண்டும், புல் எவ்வளவு அடர்த்தியாக இருக்கவேண்டும் என்பனவெல்லாம் ஒவ்வொரு வரியும் ஓர் எண்ணுமாக அங்கே எழுதப்பட்டிருக்கும். சேர்த்த பொதிகளுக்கேற்ப அவ்வெண்களை ஒவ்வொன்றாக மாற்றி, திறந்து பார்த்து, மூடி, மீண்டும் மாற்றிப் பல மாலைகளைச் செலவிட்டே ஒருவர் தமக்குப் பிடித்த காட்சியை அடைகின்றார். அதன்பின் ஒருநாள் வரைகலை மென்பொருளைப் புதிதாக நிறுவுகின்றார். அது கணினியைத் துழாவி, ஸ்கைரிமைப் புதிய விளையாட்டென்று கண்டு, துணைப்பொதிகள் எவையும் சேராத வெறும் ஸ்கைரிமுக்குரிய அமைப்புகளை அக்கோப்பிலே எழுதிவிடுகின்றது. கச்சேரிக்கெனச் சுருதி கூட்டி வைத்த வீணையை, மேடையைத் துடைக்க வந்தவர் நரம்பு தளர்ந்திருக்கின்றதென்று தாமே முறுக்கிவிட்டுப் போனாற்போன்றது அது. அவருக்குக் கெட்ட எண்ணம் இல்லை. வித்துவானுக்கோ மீண்டும் முதலிலிருந்து தொடங்கவேண்டியிருக்கின்றது. ஸ்கைரிமைப் பொதிகளால் மாற்றுவோருக்கென எழுதப்படும் வழிகாட்டிகள் தன்னியக்க உகப்பாக்கத்தை நிறுத்திவிடும்படி கூறுவதற்கு இதுவே காரணம்.

அவ்விளையாட்டு முதன்முறை திறக்கும்போது, அதனுடைய தொடக்கப் பலகையும் கணினியின் அட்டையை ஆராய்ந்து தன் கணிப்பின்படி ஓர் அமைப்பினை எழுதும். இது வரைகலை மென்பொருளின் செயலன்று. விளையாட்டின் சொந்தச் செயல். கையால் எழுதும் வேலையை அதற்குப் பின்னரே தொடங்குதல் வேண்டும். இரண்டு திருத்தங்களும் ஒன்றென்று எண்ணி, நிறுத்தியும் நிற்கவில்லையே என்று மயங்குவோர் உண்டு.

நிறுத்தும் முறை எளிது. என்விடியா ஆப் என்னும் மென்பொருளைத் திறந்து, அதன் அமைப்புப் பகுதிக்குட் சென்று, புதிதாகச் சேர்க்கப்படும் விளையாட்டுக்களைத் தன்னியக்கமாக உகப்பாக்குதல் என்னும் பொருளுடைய வரியைத் தேடவேண்டும். பதிப்புக்குப் பதிப்பு அவ்வரி இடம் மாறக்கூடும். ஒட்டோமட்டிக், ஒப்டிமைஸ் என்னும் இரு சொற்களும் சேர்ந்து வருமிடத்தைக் கண்டால் போதும். அதன் அருகிலுள்ள ஆளியை அணைத்துவிட வேண்டும். பழைய ஜிஃபோர்ஸ் எக்ஸ்பீரியன்ஸ் இன்னும் இருக்கும் கணினிகளில், பற்சக்கரக் குறியை அழுத்தி, விளையாட்டுக்களுக்குரிய பகுதிக்குச் சென்று, இதே பொருளுடைய வரியின் எதிரேயுள்ள அடையாளத்தை நீக்கவேண்டும். இவ்வாறு செய்வதனால் வரைகலை அட்டை நின்றுவிடாது, அதன் வலிமையும் குறையாது. விளையாட்டுப் பட்டியலில் ஒவ்வொரு விளையாட்டுக்கும் உரிய உகப்பாக்கப் பொத்தானும் அப்படியே இருக்கும். விரும்பியபோது அழுத்தலாம். விரும்பாதபோது அது தானாக ஒன்றுஞ் செய்யாது.

இங்கே பலர் ஏமாறும் ஓரிடம் உண்டு. ஆளியை அணைப்பது இனிவரும் திருத்தங்களையே தடுக்கும். முன்னர் நிகழ்ந்துவிட்ட திருத்தத்தை அது மீட்டுத் தராது. கோப்பில் எழுதப்பட்டது எழுதப்பட்டபடியே கிடக்கும். அதனை விளையாட்டின் பட்டியலுக்குள்ளே சென்று தாமே மாற்றவேண்டும். அல்லது, முன்னரே பிரதி எடுத்து வைத்திருந்தால் அப்பிரதியைப் பழைய இடத்தில் வைக்கவேண்டும். சில கிலோபைட்டு அளவேயுள்ள சிறு கோப்பு அது. பிரதி எடுக்க ஒரு நிமிடமும் செல்லாது. கோப்பின் பண்புகளுக்குச் சென்று, படிக்க மட்டும் என்னும் அடையாளத்தை இட்டுவைப்பாரும் உளர். அவ்வாறிட்டால் வெளியார் எழுதமுடியாது. ஆயின் விளையாட்டும் எழுதமுடியாது. பின்னொருநாள் ஒளியைச் சற்றுக் கூட்டவேண்டுமென்று பட்டியலில் மாற்றிவிட்டு, மறுநாள் திறக்கும்போது பழையபடியே இருக்கக் கண்டு திகைக்க நேரிடும்.

இதுவரை கூறியது, கோப்பிலே எழுதும் திருத்தம். அதனிலும் ஆழத்தில் நிகழும் திருத்தம் வேறொன்று உண்டு. அட்டைக்கும் விண்டோஸ் இயங்குதளத்துக்கும் இடையே நின்று இருவர் பேச்சையும் மொழிபெயர்க்கும் இயக்கி மென்பொருளில் அது நிகழ்கின்றது. விளையாட்டு ஒன்று கேட்க, இயக்கி அதனைச் சற்றே மாற்றி அட்டையிடம் சொல்லும். கோப்பைத் திறந்து பார்த்தால் அங்கே ஒரு மாற்றமும் தெரியாது.

இதன் வரலாறு பழையது; சுவையானதுங் கூட. 2001 ஆம் ஆண்டில் ஏ.டி.ஐ. நிறுவனத்தின் ரேடியன் 8500 என்னும் அட்டை வெளிவந்தபோது, குவேக் 3 என்னும் விளையாட்டில் அது சிறப்பாக ஓடுவதைச் சோதனையாளர் கண்டனர். அவர்கள் விளையாட்டின் இயங்கு கோப்பிலிருந்த குவேக் என்னும் பெயரைக் குவாக் என்று மாற்றிவைத்துப் பார்த்தனர். வாத்தின் கத்தலைக் குறிக்கும் சொல் அது. பெயர் மாறியதும் விரைவு குறைந்தது. படத்தின் தரமோ உயர்ந்தது. இயக்கி அவ்விளையாட்டைப் பெயரால் இனங்கண்டு, படத்தின் கூர்மையைச் சற்றுக் குறைத்து விரைவைக் கூட்டி வந்தது என்பது அப்போது வெளியாயிற்று. 2003 இல் வேறொரு செய்தி வந்தது. அட்டைகளின் திறனை அளப்பதற்கென ஃபியூச்சர்மார்க் நிறுவனத்தார் ஆக்கிய சோதனை மென்பொருளில், பார்வை செல்லும் பாதை முன்னரே தெரிந்திருந்தமையால், அப்பாதையில் தென்படாத பகுதிகளை என்விடியாவின் இயக்கி வரையாது விட்டது என அந்நிறுவனம் அறிவித்தது. வினாத்தாள் முன்கூட்டியே தெரிந்த மாணவன் பெற்ற புள்ளி எவ்வளவு மெய்யோ, அவ்வளவே அந்த அளவீட்டின் மெய்.

இச்சம்பவங்கள் கிளப்பிய ஆரவாரத்தின் பின்னர், ஏ.டி.ஐ. நிறுவனம் 2004 இல் தன் இயக்கியில் கற்றலிஸ்ட் ஏ.ஐ. என்னும் தெரிவை வைத்தது. விளையாட்டுக்கு விளையாட்டு இயக்கி செய்யும் உகப்பாக்கங்களை அத்தெரிவின் மூலம் கூட்டலாம், குறைக்கலாம், முற்றாக அணைக்கவுஞ் செய்யலாம். மறைவில் நடந்ததை வெளியிற் கொணர்ந்து, அதற்கொரு ஆளியையும் கொடுத்தது பாராட்டத்தக்க செயல்.

இற்றைநாள் இயக்கிகளில் இத்தெரிவுகள் சிதறிக் கிடக்கின்றன. என்விடியாவின் கட்டுப்பாட்டுப் பலகையில், முப்பரிமாணப் படத் தெரிவுகளை விளையாட்டின் தீர்மானத்துக்கே விட்டுவிடுக என்னும் பொருளில் ஒரு தெரிவு உண்டு. இயக்கியின் குறுக்கீட்டை விரும்பாதவருக்கு அதுவே போதுமான இடம். மேற்பரப்புப் படங்களை வடிகட்டும் முறையில் இயக்கி செய்யும் சிறு சிக்கனங்களும் தனித்தனி வரிகளாக உள்ளன. அங்கே உயர்தரம் என்பதைத் தெரிவுசெய்தால் அவற்றின் பெரும்பகுதி நின்றுவிடும். சட்டகங்களைத் திரையின் புதுப்பிப்போடு ஒத்து ஓடச்செய்யும் தெரிவும் இங்கே உண்டு. இதிற் கவனம் வேண்டும். ஸ்கைரிமில் பொருள்கள் விழுவதும் உருளுவதுமாகிய பௌதிகக் கணக்கு, செக்கனுக்கு 60 சட்டகம் என்னும் அளவை நம்பியே ஆக்கப்பட்டது. அவ்வொத்திசைவை இயக்கியில் எல்லா விளையாட்டுக்கும் பொதுவாக அணைத்துவிட்டால், வலிய கணினியிலே சட்டகங்கள் அவ்வெல்லையைத் தாண்டி ஓடும். மேசைமேல் அடுக்கிய கிண்ணமும் கரண்டியும் கதவைத் திறந்ததும் பறந்து சிதறும். விரைவு கூடினால் எல்லாம் நலமே என்று எண்ணுவோர் இதனை ஒருமுறை கண்ணாற் காணவேண்டும்.

இயக்கியினுள்ளே ஒவ்வொரு விளையாட்டுக்கும் உரிய திருத்தக் குறிப்புகள் பெருந்தொகையாக உண்டு. அவற்றுட் பல, விளையாட்டிலுள்ள வழுக்களைச் சமாளிப்பதற்காக எழுதப்பட்டவை. அவற்றையும் உகப்பாக்கம் என்னும் ஒரே பெயரால் வெறுத்து, களைந்தெறிய முற்படுவது புத்தியன்று.

மூன்றாவது இடம் விண்டோஸ். விண்டோஸ் 10 இல், விளையாட்டு திரை முழுவதையும் தனக்கே உரியதாகப் பிடித்துக்கொண்டதாக எண்ணியிருக்க, இயங்குதளம் அதனை எல்லையற்ற சாளரமொன்றிலே ஓடவிடும் முறை வந்தது. முழுத்திரை உகப்பாக்கம் என்பது அதன் பெயர். விளையாட்டிலிருந்து வேறு வேலைக்கு மாறுவது இதனால் எளிதாகும். சில பழைய விளையாட்டுக்களில் திணறலும் இதனால் உண்டாகலாம். அவ்வாறாயின், அவ்விளையாட்டின் இயங்கு கோப்பைச் சுட்டியின் வலப்பொத்தானால் அழுத்தி, பண்புகளுக்குச் சென்று, ஒத்திசைவு என்னும் பகுதியில் இதனை நிறுத்தும் அடையாளத்தை இடலாம். டைரக்ட்எக்ஸ் 12 என்னும் முறையைக் கையாளும் புதிய விளையாட்டுக்களுக்கு அவ்வடையாளத்தால் பயன் ஏதும் இல்லை. விண்டோஸ் 11 இல், சாளரத்தில் ஓடும் விளையாட்டுக்களுக்கான உகப்பாக்கம் என்று இன்னொன்று உண்டு. பழைய முறையில் திரைக்குச் செல்லும் சட்டகங்களைப் புதிய முறைக்கு மாற்றித் தாமதத்தைக் குறைப்பது அதன் வேலை. அது பெரும்பாலும் நன்மையே செய்யும். ஏதேனும் ஒரு விளையாட்டில் கோளாறு கண்டால் அவ்விளையாட்டுக்கு மாத்திரம் நிறுத்தலாம்.

மடிகணினி வைத்திருப்போர் அறியவேண்டிய செய்தியொன்றும் உண்டு. மின்கலத்தில் ஓடும்போது விளையாட்டு செக்கனுக்கு 30 சட்டகங்களுக்கு மேற் செல்லாமல் நின்றால், அட்டை பழுதென்று கடைக்குத் தூக்கிச் செல்லவேண்டியதில்லை. மின்கலம் நீடிக்கவேண்டுமென்று என்விடியாவின் பற்றறி பூஸ்ட் என்னும் வசதி அவ்வெல்லையை இட்டிருக்கக்கூடும்.

இவற்றுள் எதனை நிறுத்தினாலும், நிறுத்தியதன் பயன் கண்ணுக்குத் தெரியவேண்டும். எண்ணத்தை நம்பலாகாது. விளையாட்டில் ஓரிடத்தைத் தெரிவுசெய்து, அங்கே செக்கனுக்கு எத்தனை சட்டகம் வருகின்றதென்று குறித்துக்கொண்டு, ஒரேயொரு தெரிவை மாத்திரம் மாற்றி, அதே இடத்தில் அதே பக்கம் நோக்கி மறுபடியும் பார்க்கவேண்டும். சராசரி எண்ணைவிட, இடையிடையே வரும் சடுதியான தடுமாற்றமே கண்ணை அதிகம் உறுத்துவதாகையால் அதனையும் கவனித்தல் தகும். 2024 டிசம்பரில் இத்தகைய அளவீட்டினாலேயே ஓர் உண்மை வெளிப்பட்டது. என்விடியா ஆப் வெளிவந்து சில வாரங்களுள், அதனை நிறுவிய கணினிகளில் சில விளையாட்டுக்களின் விரைவு நூற்றுக்கு 15 வரை குறைவதைச் சோதனையாளர் கண்டனர். காட்சிக்கு நிறப்பூச்சுச் சேர்க்கும் வடிகட்டி வசதி, ஒருவரும் பாவிக்காதபோதும் பின்னணியிலே விழித்திருந்ததே காரணம். நிறுவனத்தாரும் அதனை அணைத்துவைக்கும்படி அறிவுறுத்தினர். உகப்பாக்க வந்த மென்பொருளே விரைவைக் குறைத்த விந்தை அது.

விரைவு குறைவதோ, நிழல் மாறுவதோ பொறுத்துக்கொள்ளத்தக்க நட்டம். 2023 ஒக்டோபரில் நிகழ்ந்தது அத்தகையதன்று. ஏ.எம்.டி. நிறுவனம் அவ்வாண்டு செப்டெம்பரில் ஹைப்பர் ஆர்.எக்ஸ். என்னும் வசதியை வெளியிட்டிருந்தது. ஒரே சொடுக்கில் பல விரைவுத் தெரிவுகளை ஒருங்கே இயக்குவது அது. புதிய அட்டைகளில் அத்தொகுதியினுள் ஆன்டிலாக் பிளஸ் என்பதும் ஒன்று. ஆடுபவர் சுட்டியை அழுத்துவதற்கும் அதன் விளைவு திரையிலே தோன்றுவதற்கும் இடையிலுள்ள தாமதத்தைக் குறைப்பதே அதன் பணி. ஒக்டோபரில் வந்த இயக்கி இற்றைப்படுத்தல், இவ்வசதியைக் கவுன்டர் ஸ்ட்ரைக் 2 என்னும் போட்டி விளையாட்டுக்கும் விரித்தது.

தாமதத்தைக் குறைப்பதற்கு அது கையாண்ட வழியிலேதான் தீங்கு இருந்தது. விளையாட்டின் சொந்த நிரற்கோப்பிலுள்ள செயற்பாடுகளை இடைமறித்து, தன் வழியாகத் திருப்பிவிட்டே அது வேலை செய்தது. கவுன்டர் ஸ்ட்ரைக் விளையாட்டில் வஞ்சகஞ் செய்து வெல்ல முயல்வோர் கையாளும் வழியும் இதனை ஒத்ததே. எதிராளி சுவருக்கப்பால் நிற்பதைக் காண்பதற்கும், குறி தவறாமற் சுடுவதற்கும் ஆக்கப்படும் திருட்டு நிரல்கள் இவ்வாறே விளையாட்டினுட் கை நுழைக்கின்றன. ஆதலின் விளையாட்டை ஆக்கிய வால்வ் நிறுவனத்தின் வஞ்சகத் தடுப்பு முறை, ஏ.எம்.டி. அட்டை வைத்திருந்த நேர்மையான ஆட்டக்காரரையும் வஞ்சகர் என்று கொண்டு தடைசெய்தது. அத்தடை இயல்பாக மீட்சியற்றது. பணங் கொடுத்து வாங்கிச் சேர்த்த பொருள்களும், நெடுங்காலம் ஆடி ஈட்டிய தரமும் அக்கணக்கோடு முடங்கும். அதனிலும் மேலாக, வஞ்சகன் என்னும் பெயர் கணக்கைப் பார்ப்போர் எவருக்கும் தெரியுமாறு நிற்கும். அவர்கள் செய்த செயலோ, அட்டையை வாங்கியபோது அதனோடு வந்த இயக்கியில் ஓர் ஆளியை இயக்கியது மட்டுமே.

வால்வ் நிறுவனம் அவ்வசதியை இக்கவுன்டர் ஸ்ட்ரைக்கில் இயக்கவேண்டாமென்று உடனே வெளிப்படையாக எச்சரித்தது, ஏ.எம்.டி. இற்றைப்படுத்தலை வெளியிட்டதும், பாதிக்கப்பட்டோரை இனங்கண்டு தடையை நீக்க இயலும் என்றும் தெரிவித்தது. ஏ.எம்.டி. அந்த இயக்கியைத் திரும்பப் பெற்றுக்கொண்டது. 2024 மே மாதத்தில் ஆன்டிலாக் 2 என்னும் புதிய வடிவம் வந்தது. இயக்கி இப்போது விளையாட்டினுள் தானாகப் புகுவதில்லை. விளையாட்டை ஆக்குபவரே தம் நிரலில் அதற்கு இடம் வைத்து ஏற்றுக்கொண்டாலன்றி அது வேலை செய்யாது. அவ்வாறு இடம் வைத்த முதல் விளையாட்டு, முன்னர்த் தடை விதித்த அதே கவுன்டர் ஸ்ட்ரைக் 2. அதனை இயக்கவும் அணைக்கவும் உரிய ஆளி இப்போது விளையாட்டின் காணொளி அமைப்புப் பட்டியலிலேயே, ஆடுபவர் கண்முன்னே இருக்கின்றது.